திருட்டு என்ற ஒரே ஒரு பிரிவு: சட்டப் புத்தகத்தை நாமே படித்துப் புரிந்துகொள்ள ஒரு முழுமையான வழிகாட்டி

நண்பர் வீட்டுக்குப் போகிறீர்கள். அவர் வெளியே போயிருக்கிறார். அலமாரியில் நீங்கள் வெகுநாளாகத் தேடிய புத்தகம் ஒன்று கண்ணில் படுகிறது. படித்துவிட்டுத் தந்துவிடலாம் என்று எடுத்துக்கொண்டு கிளம்பிவிடுகிறீர்கள். அவரிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. இது திருட்டா?

இந்தக் கேள்வி என் கற்பனை அல்ல. 1860இல் இயற்றிய இந்திய தண்டனைச் சட்டத்தில், திருட்டுப் பிரிவின் கீழ் ஓர் எடுத்துக்காட்டாக இது அச்சாகியிருந்தது. அந்தச் சட்டத்தின் இடத்துக்கு வந்திருக்கும் பாரதிய நியாய சன்ஹிதாவிலும் 303ஆம் பிரிவின் கீழ் இருக்கிறது. விடையும் அங்கேயே இருக்கிறது: அது திருட்டு இல்லை என்று எண்ண இடமுண்டு. ஆனால் ஏன் இல்லை என்று கேட்டால், பெரும்பாலோர் சொல்லும் காரணம் தவறாக இருக்கிறது. சரியான காரணத்தைப் பிடிக்க வேண்டுமானால் அந்தப் பிரிவை முதல் சொல்லிலிருந்து கடைசி வரி வரை படிக்கத் தெரிய வேண்டும். அந்தப் படிப்பைத்தான் இங்கே படிப்படியாகச் செய்யப்போகிறோம்.

நான் வழக்கறிஞன் இல்லை. சில ஆண்டுகளுக்கு முன் ஒரு பேருந்து நிலையத்தில் என் கையிலிருந்த செல்போனை ஒருவன் பிடுங்கிக்கொண்டு ஓடினான். காவல் நிலையத்தில் "தொலைந்துவிட்டது" என்று எழுதிக் கொடுக்கச் சொன்னார்கள். எழுதிக் கொடுத்தேன். புகாரைப் பெற்றுக்கொண்டதற்கான சி.எஸ்.ஆர். ரசீதோடு வீட்டுக்கு வந்தேன்; அது எஃப்.ஐ.ஆர். அல்ல. தொலைந்தது என்ற சொல்லுக்கும் பிடுங்கினான் என்ற சொல்லுக்கும் நடுவில் சட்டத்தில் எவ்வளவு தூரம் என்பது அன்றைக்கு எனக்குத் தெரியாது. அந்த வருத்தத்தில்தான் சட்டப் புத்தகத்தைக் கையில் எடுத்தேன். ஒரு பிரிவை ஒழுங்காகப் படிக்கக் கற்றுக்கொண்டபின், மற்றப் பிரிவுகள் அவ்வளவு பயமுறுத்தவில்லை.

எந்தப் புத்தகத்தை வாங்குவது

சட்டக் கடைகளில் "பேர் ஆக்ட்" என்று கேளுங்கள். உரை, விமர்சனம், தீர்ப்புச் சுருக்கம் எதுவும் இல்லாமல் சட்டத்தின் சொற்கள் மட்டும் இருக்கும் மெல்லிய புத்தகம் அது. சென்னையில் உயர் நீதிமன்றத்தைச் சுற்றி, பாரிமுனைப் பக்கம் இதற்கென்றே கடைகள் உண்டு. வெளியூர்களில் நீதிமன்ற வளாகத்துக்கு அருகே விசாரித்தால் கிடைக்கும். காசு செலவழிக்க வேண்டாம் என்றால் மத்திய அரசின் இந்தியா கோட் இணையதளத்தில் எல்லா மத்தியச் சட்டங்களும் இலவசமாக இருக்கின்றன.

தமிழ் மொழிபெயர்ப்பும் ஆங்கில மூலமும் சேர்ந்த பதிப்பு கிடைத்தால் அதை வாங்குங்கள். புரிந்துகொள்ளத் தமிழ் போதும். ஆனால் வழக்கு ஒரே ஒரு சொல்லில் வந்து நிற்கும்போது, அரசியலமைப்பின் 348ஆம் உறுப்பின்படி நாடாளுமன்றச் சட்டத்தின் ஆங்கில வாசகத்தையே நீதிமன்றம் எடுத்துக்கொள்ளும். தனியார் மொழிபெயர்ப்புகளில் "அல்லது" இருக்க வேண்டிய இடத்தில் "மற்றும்" விழுந்துவிடுவது உண்டு. அந்த ஒரு சொல்லால் தண்டனையே மாறிப்போகும்.

குற்ற விஷயத்துக்கு மூன்று புத்தகங்கள் வேண்டும். எது குற்றம், என்ன தண்டனை என்று சொல்வது பாரதிய நியாய சன்ஹிதா, 358 பிரிவுகள். புகார், கைது, பிணை, விசாரணை எல்லாம் எப்படி நடக்க வேண்டும் என்று சொல்வது பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா, 531 பிரிவுகள். எது சாட்சியம் என்று சொல்வது பாரதிய சாக்ஷிய அதிநியம், 170 பிரிவுகள். பெயர்கள் தமிழ் நாக்குக்குச் சுலபமாக இல்லை. அதனால் இங்கே முதலாவதை நியாய சன்ஹிதா என்றும் இரண்டாவதை நடைமுறைச் சட்டம் என்றும் மூன்றாவதைச் சாட்சியச் சட்டம் என்றும் சொல்கிறேன்.

முதல் படி: சம்பவம் நடந்த தேதியைப் பாருங்கள்

பிரிவு எண்ணுக்கு முன்னால் தேதி. 2024 ஜூன் 30 வரை நடந்த குற்றத்துக்குப் பழைய இந்திய தண்டனைச் சட்டம். ஜூலை 1 முதல் நடந்ததற்கு நியாய சன்ஹிதா. வழக்கு பத்து ஆண்டு கழித்து விசாரணைக்கு வந்தாலும் இதுதான் கணக்கு. குற்றம் நடந்த நாளில் நடைமுறையில் இருந்த சட்டத்தை மீறினால்தான் ஒருவரைத் தண்டிக்கலாம், அன்றைக்கு இருந்த தண்டனையைவிடக் கூடுதலாகவும் தரக் கூடாது என்று அரசியலமைப்பின் 20ஆம் உறுப்பு சொல்கிறது.

ஆகவே பழைய புத்தகத்தைத் தூக்கிப் போட்டுவிடாதீர்கள். அதன் 511 பிரிவுகளுக்கும் நீதிமன்றங்களில் இன்னும் பல ஆண்டு வேலை இருக்கிறது.

எண்கள் மாறிப்போனதில் ஒரு சிக்கல் உண்டு. ஏமாற்றுக்காரரை "ஃபோர் ட்வென்டி" என்று திட்டுவது நம் பேச்சிலேயே ஊறிவிட்டது. புதிய சட்டத்தில் 420 என்ற பிரிவே கிடையாது. அது 318இன் நான்காம் உட்பிரிவாகிவிட்டது. கொலைக்குப் பழைய எண் 302, புதிய எண் 103. புதிய புத்தகத்தில் 302ஐத் திறந்தால் மத உணர்வைப் புண்படுத்தும் பேச்சைப் பற்றிய பிரிவு இருக்கும். யாராவது வெறும் எண்ணை மட்டும் சொன்னால், "எந்தச் சட்டத்தில்?" என்று திருப்பிக் கேளுங்கள்.

இரண்டாம் படி: வாக்கியத்தை உடையுங்கள்

303இன் முதல் உட்பிரிவு ஒரே வாக்கியம். அதை என் சொற்களில் தருகிறேன்: ஒருவர் கைவசம் இருக்கும் அசையும் பொருளை, அவருடைய சம்மதம் இல்லாமல், நேர்மையின்றி எடுத்துக்கொள்ளும் எண்ணத்தோடு, அப்படி எடுப்பதற்காக நகர்த்துகிறவர் திருடியவர் ஆகிறார்.

ஒரு நோட்டில் இதை ஐந்து வரியாக எழுதுங்கள். நேர்மையற்ற எண்ணம். அசையும் பொருள். வேறொருவர் கைவசம். சம்மதம் இல்லை. நகர்த்தல். ஐந்தும் ஒன்றாகக் கூடினால்தான் திருட்டு. ஒன்று விட்டுப்போனாலும் திருட்டு இல்லை. வேறு குற்றமாக இருக்கலாம், குற்றமே இல்லாமலும் போகலாம்.

இந்த ஐந்தில் சொத்துரிமை என்ற சொல்லே இல்லை என்பதைக் கவனித்தீர்களா? "யாருக்குச் சொந்தம்" என்று சட்டம் கேட்கவில்லை. "யார் கைவசம் இருந்தது" என்றுதான் கேட்கிறது. அதனால் நம் சொந்தப் பொருளையே நாம் திருட முடியும். பிரிவின் கீழேயுள்ள ஓர் எடுத்துக்காட்டு இதைத்தான் சொல்கிறது: கைக்கடிகாரத்தை அடகு வைத்தவர், கடனைத் தீர்க்காமல், அடகு பிடித்தவரின் சம்மதம் இல்லாமல் அதை எடுத்துக்கொண்டு போனால், கடிகாரம் அவருடையதே ஆனாலும் அது திருட்டு. நகையை அடகுக் கடையில் வைத்துவிட்டு வட்டி கட்டிக்கொண்டிருக்கும் குடும்பங்கள் உள்ள ஊரில் இந்த எடுத்துக்காட்டுக்கு விளக்கம் தேவையில்லை.

நகர்த்தல் என்பதிலும் ஒரு நுட்பம் இருக்கிறது. பொருளைக் கொண்டுபோய்ச் சேர்க்க வேண்டும் என்று சட்டம் எதிர்பார்க்கவில்லை. வீட்டு மேசை மேல் கிடந்த மோதிரத்தை, பிறகு வந்து எடுத்துக்கொள்ளலாம் என்று அதே வீட்டிலேயே ஒரு மூலையில் ஒளித்துவைத்தாலும், அதை முதன்முதலாக அசைத்த நொடியிலேயே திருட்டு முடிந்துவிட்டது. வாசலைத் தாண்டவில்லையே என்று வாதாட முடியாது.

மூன்றாம் படி: சாதாரணச் சொற்களைச் சந்தேகியுங்கள்

சட்டத்தில் கடினமான சொற்கள் நம்மை அவ்வளவாக ஏமாற்றுவதில்லை. தெரியாத சொல் என்றதும் அகராதியைத் தேடிவிடுகிறோம். தெரிந்த சொற்கள்தான் ஏமாற்றும். "நேர்மையின்றி" என்றால் என்ன என்று நமக்குத் தெரியும் என்றே நினைக்கிறோம்.

நியாய சன்ஹிதாவின் 2ஆம் பிரிவு முழுவதும் சொல்விளக்கம். அதன் 7ஆம் கூறில் இந்தச் சொல் இருக்கிறது: ஒருவருக்கு முறைகேடான ஆதாயம் சேர்க்கும் எண்ணத்தோடு, அல்லது இன்னொருவருக்கு முறைகேடான இழப்பு உண்டாக்கும் எண்ணத்தோடு செய்வது. நடுவில் உள்ள "அல்லது" முக்கியம். எடுத்தவருக்கு ஒரு காசு லாபம் இல்லாவிட்டாலும், இழந்தவருக்கு முறைகேடான இழப்பு என்றால் போதும். பணக்காரரிடம் எடுத்து ஏழைக்குக் கொடுத்தாலும் இந்த விளக்கத்துக்குள் வந்துவிடும். முறைகேடான ஆதாயம், முறைகேடான இழப்பு என்ற சொற்களுக்கும் அதே பிரிவில் 36, 37ஆம் கூறுகளில் விளக்கம் உண்டு. ஒரு சொல்லிலிருந்து இன்னொன்றுக்கு, அங்கிருந்து மற்றொன்றுக்கு என்று இப்படிப் போய்க்கொண்டே இருக்க வேண்டும், சலிப்படையாதீர்கள்.

"அசையும் சொத்து" 21ஆம் கூறு. பழைய சட்டம் தொட்டுணரக்கூடிய பொருள்களை மட்டும் அசையும் சொத்தாகக் கொண்டது. புதிய சட்டம் அந்தக் கட்டுப்பாட்டை எடுத்துவிட்டு, நிலத்தையும் நிலத்தோடு ஒட்டியவற்றையும் தவிர எல்லா வகைச் சொத்தும் என்கிறது. ஒரே ஒரு அடைமொழி போயிருக்கிறது. இனி எதெல்லாம் திருட்டுப் பொருள் ஆகும் என்று நீதிமன்றங்கள் பேசப்போவது இந்த ஒரு சொல்லின் இல்லாமையைப் பற்றித்தான். பழைய சட்டமும் புதிய சட்டமும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் படிக்கிறவர்களுக்கே இது பிடிபடும்.

நான்காம் படி: எடுத்துக்காட்டுகளை விடையை மூடிவைத்துப் படியுங்கள்

எனக்கு மிகவும் பிடித்த பகுதி இது. சட்டத்துக்குள்ளேயே சின்னச் சின்னக் கதைகளை வைக்கும் முறை 1837இல் மெக்காலே தலைமையிலான சட்ட ஆணையம் கொடுத்த வரைவிலிருந்து வருகிறது. (மெக்காலே 1834இல் கப்பலிலிருந்து இறங்கியது சென்னையில். அங்கிருந்து கவர்னர் ஜெனரல் பென்டிங்கைப் பார்க்க ஊட்டிக்குப் போனார்.) அந்த வரைவு சட்டமாகி நடைமுறைக்கு வர 1862 ஜனவரி 1 வரை ஆயிற்று.

கதைகளில் மனிதர்களுக்குப் பெயர் இல்லை. ஆங்கில எழுத்துகள்தான் பெயர். படிக்கும்போது அந்த எழுத்துகளை எடுத்துவிட்டு முருகன், சலீம், மேரி என்று தெரிந்த பெயர்களைப் போட்டுக்கொள்ளுங்கள். பிறகு ஒவ்வொரு கதையிலும் கடைசி வரியைக் கையால் மூடிக்கொண்டு, நீங்களே தீர்ப்புச் சொல்லுங்கள். அதற்குப் பிறகு கையை எடுங்கள்.

முருகன் தன் பையில் நாய்க்குப் பிடித்த தீனியைப் போட்டுக்கொண்டு நடக்கிறான். வாசனை பிடித்து சலீமின் நாய் அவன் பின்னால் வருகிறது. முருகன் நாயைத் தொடவே இல்லை. அதைக் கொண்டுபோகும் எண்ணம் மட்டும் இருந்தது. விடை: நாய் பின்தொடரத் தொடங்கியதுமே திருட்டு.

ஊருக்கு வெளியே சாலையில் ஒரு மோதிரம் கிடக்கிறது. யார் கைவசமும் இல்லை. மேரி எடுத்துக்கொள்கிறாள். விடை: திருட்டு இல்லை. கைவசம் என்ற மூன்றாவது துண்டு இல்லையே. ஆனால் கையாடல் ஆகலாம்.

முருகனின் நிலத்திலுள்ள மரத்தை சலீம் எடுத்துப்போகும் எண்ணத்தில் வெட்டுகிறான். மரம் நிலத்தோடு ஒட்டியது, அசையும் பொருள் இல்லையே? விடை: வெட்டித் தனியாகப் பிரிந்த அந்த நொடியில் அது அசையும் பொருளாகிவிட்டது, திருட்டும் அப்போதே நடந்துவிட்டது.

இந்த மரக் கதையைக் கெட்டியாகப் பிடித்துக்கொள்ளுங்கள். ஆற்று மணலுக்கு வழி இதுதான். மணல் ஆற்றோடு கிடக்கும்வரை நிலம். அள்ளி வண்டியில் போட்டால் அசையும் பொருள். அனுமதியில்லாமல் மணல் அள்ளினால் 1957ஆம் ஆண்டு கனிமச் சட்டத்தின்கீழ் மட்டும்தான் வழக்கா, திருட்டு வழக்கும் போடலாமா என்ற கேள்வி உச்ச நீதிமன்றம் வரை போனது. இரண்டும் தனித்தனிக் குற்றங்கள், ஆற்றிலிருந்து அனுமதியின்றி மணல் எடுப்பதற்குத் திருட்டு வழக்கும் போடலாம் என்று 2014இல் தீர்ப்பு வந்தது. நம் ஆறுகளின் கரையில் வாழ்கிறவர்கள் தெரிந்துவைத்திருக்க வேண்டிய தீர்ப்பு அது.

ஐந்தாம் படி: தண்டனை வரியில் ஐந்து சொற்களை அடிக்கோடிடுங்கள்

பலரும் முதலில் பார்ப்பது இதைத்தான். நான் ஐந்தாவதாக வைத்திருக்கிறேன். குற்றம் எதுவென்று தெரியாமல் தண்டனையைப் படித்துப் பயனில்லை.

அடிக்கோடிட வேண்டியவை: "வரை", "குறையாத", "அல்லது", "மேலும்", "எனினும்".

303இன் இரண்டாம் உட்பிரிவு: மூன்று ஆண்டு வரை சிறை, அல்லது அபராதம், அல்லது இரண்டும். "வரை" என்பதால் மூன்று ஆண்டு என்பது உச்சவரம்பு. நீதிபதி ஒரு வாரமும் தரலாம். "அல்லது" என்பதால் சிறையே இல்லாமல் அபராதத்தோடும் முடிக்கலாம். இரண்டாம் முறையோ அதற்கு மேலோ தண்டனை பெறுகிறவருக்கு வாசகம் மாறுகிறது: ஓராண்டுக்குக் குறையாத, ஐந்தாண்டு வரையான கடுங்காவல், மேலும் அபராதம். இங்கே நீதிபதியின் கை கட்டப்பட்டுவிட்டது.

"எனினும்" என்று தொடங்குவது வரம்புரை. பிரிவின் கடைசியில் இருப்பதால் பலர் அதுவரை வருவதே இல்லை. திருடிய பொருளின் மதிப்பு 5,000 ரூபாய்க்குக் குறைவு, முதல் முறை தண்டனை பெறுகிறார், பொருளையோ அதன் மதிப்பையோ திருப்பிக் கொடுத்துவிட்டார் என்றால் சமூக சேவைதான் தண்டனை. பசிக்கு அரிசி எடுத்த ஒருவரின் வாழ்க்கை இந்தக் கடைசி வரியில் இருக்கக்கூடும். பிரிவைப் பாதியில் மூடாதீர்கள் என்று நான் திரும்பத் திரும்பச் சொல்வதற்குக் காரணமே இதுதான்.

ஆறாம் படி: அக்கம்பக்கத்துப் பிரிவுகள்

ஒரே ஒரு செல்போனை எடுத்துக்கொள்ளுங்கள். அது உங்களிடமிருந்து போன விதத்தைப் பொறுத்து பிரிவு மாறிக்கொண்டே போகும்.

டீக்கடை மேசையில் வைத்திருந்தீர்கள், ஒருவர் எடுத்துக்கொண்டு நடந்துவிட்டார்: 303. கையிலிருந்து திடீரென்று பிடுங்கிக்கொண்டு ஓடினார்: 304, பறிப்பு. இது பழைய சட்டத்தில் தனியாக இல்லாத புதிய குற்றம். மூன்று ஆண்டு வரை சிறை, மேலும் அபராதம். வீட்டுக்குள் புகுந்து எடுத்தார்: 305, ஏழு ஆண்டு வரை. பயணிகள் வாகனத்திலிருந்து ஒரு பொருளை எடுப்பதும், கோயில் போன்ற வழிபாட்டிடத்திலிருந்து சிலையைத் திருடுவதும் இதே 305இல் வருகின்றன. கத்தியைக் காட்டிப் பயமுறுத்தி வாங்கினார்: 309, கொள்ளை; பத்து ஆண்டு வரை கடுங்காவல். அதுவே நெடுஞ்சாலையில், சூரியன் மறைந்து மறுபடி உதிப்பதற்குள் நடந்தால் பதினான்கு ஆண்டு வரை. ஐந்து பேரோ அதற்கு மேலோ சேர்ந்து செய்தால் 310, கூட்டுக்கொள்ளை.

பழுது பார்க்கக் கொடுத்தீர்கள், கடைக்காரர் விற்றுவிட்டார்: திருட்டு இல்லை, 316, நம்பிக்கை மோசடி. நீங்களேதான் அவர் கையில் கொடுத்தீர்கள். திருட்டுப் பொருள் என்று தெரிந்தே அதை இன்னொருவர் மலிவாக வாங்கினார்: 317. சாலையில் விழுந்ததைக் கண்டெடுத்தவர், உங்களைக் கண்டுபிடிக்க வழி இருந்தும் சிம் கார்டைக் கழற்றி எறிந்துவிட்டு வைத்துக்கொண்டார்: 314, கையாடல்.

அந்த 314ஐ ஒருமுறை நிதானமாகப் படியுங்கள். ஆறு மாதத்துக்குக் குறையாத, இரண்டு ஆண்டு வரையான சிறை, மேலும் அபராதம். சாதாரணத் திருட்டுக்கு முதல் முறை இல்லாத குறைந்தபட்சத் தண்டனை, கண்டெடுத்ததைக் கையாடியவருக்கு இருக்கிறது. பழைய சட்டத்தில் இந்தக் குறைந்தபட்சம் கிடையாது. இது சரிதானா என்று எனக்குப் பெரிய கேள்வி உண்டு. கண்டெடுத்த பொருளை உரியவரிடம் சேர்க்க எடுத்துவைத்திருப்பது குற்றம் இல்லை என்று அதே பிரிவின் விளக்கம் சொல்வது ஓர் ஆறுதல்.

பிரிவுகள் ஒன்றுக்குள் ஒன்று அடங்கியிருப்பதையும் பாருங்கள். 304 தொடங்குவதே "திருட்டு எப்போது பறிப்பாகும்" என்றுதான். அதனால் பறிப்பை நிரூபிக்க முதலில் 303இன் ஐந்து துண்டுகளும் நிற்க வேண்டும், பிறகு திடீரென்றோ வலுவாகவோ எடுத்தது என்ற ஆறாவது. கட்டடத்துக்கு அடித்தளம்போல எல்லாமே அந்த முதல் வாக்கியத்தின்மேல்தான் ஏறி நிற்கின்றன.

ஏழாம் படி: மூன்றாம் அத்தியாயத்துக்குத் திரும்புங்கள்

303ஆம் பிரிவில் "ஏழு வயதுக்குட்பட்ட குழந்தையைத் தவிர" என்று எழுதியிருக்காது. ஆனாலும் அப்படி எழுதியிருப்பதாகவே படிக்க வேண்டும். எல்லாக் குற்ற விளக்கங்களும் பொது விதிவிலக்குகளுக்கு உட்பட்டவை என்று 3ஆம் பிரிவின் முதல் உட்பிரிவு சொல்கிறது. அந்த விதிவிலக்குகள் 14 முதல் 44 வரையான பிரிவுகள்.

20: ஏழு வயதுக்குட்பட்ட குழந்தை செய்வது எதுவும் குற்றமில்லை. 21: ஏழுக்கு மேல், பன்னிரண்டுக்குள், செய்வதன் தன்மையை உணரும் முதிர்ச்சி இல்லாத குழந்தை. 22: மனநிலை பாதிப்பால் செய்வது என்னவென்றே அறிய முடியாதவர். 33: சாதாரண மனிதர் யாரும் குறை சொல்லாத அளவுக்கு அற்பமான தீங்கு. 34இலிருந்து 44 வரை தற்காப்பு உரிமை. பதினெட்டு வயதுக்குட்பட்டவர்களுக்கு 2015ஆம் ஆண்டு சிறார் நீதிச் சட்டம் என்று தனிப்பாதையே இருக்கிறது.

இவற்றில் ஒன்றைக் காட்டித் தப்பிக்க நினைப்பவர்தான் அதை நிறுவவும் வேண்டும். அது சாட்சியச் சட்டத்தின் 108ஆம் பிரிவில் இருக்கிறது. 14, 17 இரண்டையும் அடுத்தடுத்துப் படித்தால் ஒன்று விளங்கும்: விவரம் தெரியாமல் செய்த பிழைக்கு மன்னிப்புண்டு, சட்டம் தெரியாமல் செய்ததற்குக் கிடையாது. தன் குடை என்று நினைத்து இன்னொருவர் குடையை எடுத்தவர் திருடர் இல்லை. குடை எடுப்பது குற்றமென்று தெரியாது என்றவருக்குத் தப்ப வழியில்லை.

எட்டாம் படி: நடைமுறைச் சட்டத்தின் முதல் அட்டவணை

குற்றம் எதுவென்று தெரிந்துவிட்டது. காவல்துறை இப்போது என்ன செய்ய வேண்டும்? நடைமுறைச் சட்டத்தின் கடைசியில் உள்ள முதல் அட்டவணையைத் திறங்கள். ஒவ்வொரு பிரிவுக்கும் எதிரே மூன்று தகவல் இருக்கும்: பிடியாணை இல்லாமல் கைது செய்யலாமா, பிணை உரிமையாகக் கிடைக்குமா, எந்த நீதிமன்றம் விசாரிக்கும்.

திருட்டு பிடியாணை இல்லாமல் கைது செய்யக்கூடிய குற்றம். பிணை நீதிமன்றத்தின் முடிவு. ஆனால் 5,000 ரூபாய்க்குக் குறைந்த, பொருளைத் திருப்பிக் கொடுத்த அந்தத் திருட்டுக்கு இரண்டுமே தலைகீழ். ஆகவே புகாரில் பொருளின் மதிப்பை எழுதாமல் விடாதீர்கள்.

காவல்துறை நேரடியாக விசாரிக்கக்கூடிய குற்றமென்றால் 173ஆம் பிரிவின்படி எஃப்.ஐ.ஆர். பதிய வேண்டும், புகார் கொடுத்தவருக்கு அதன் நகலை இலவசமாகத் தர வேண்டும். எந்த எல்லைக்குட்பட்ட இடத்தில் நடந்தாலும் எந்த நிலையத்திலும் தகவல் கொடுக்கலாம். மூன்று ஆண்டு முதல் ஏழாண்டுக்குக் குறைவான தண்டனையுள்ள குற்றங்களில், டி.எஸ்.பி. அனுமதியோடு பதினான்கு நாளுக்குள் முதல்நிலை விசாரணை செய்ய இடமுண்டு. பதிய மறுத்தால் அதே பிரிவின் நான்காம் உட்பிரிவின்படி மாவட்டக் காவல் கண்காணிப்பாளருக்கு எழுதலாம்; அதற்கும் பலனில்லை என்றால் நீதித்துறை நடுவரிடம் போகலாம்.

இந்த இடத்தில்தான் என் செல்போன் கதை விளங்கிற்று. "தொலைந்துவிட்டது" என்று எழுதினால் ஐந்து துண்டுகளில் எதுவும் அந்தத் தாளில் இல்லை. எடுத்தவர் இல்லை, எண்ணம் இல்லை, நகர்த்தல் இல்லை. குற்றமே இல்லாத தாளின்மேல் யாரும் எஃப்.ஐ.ஆர். பதிய வேண்டியதில்லை. நடந்ததை நடந்தபடி, "என் கையிலிருந்து, என் சம்மதமின்றிப் பிடுங்கிக்கொண்டு ஓடினார்" என்று எழுதுங்கள். பிரிவு எண்ணை நீங்கள் எழுத வேண்டிய அவசியம் இல்லை. ஐந்து துண்டும் அந்த வாக்கியத்தில் இருந்தால் போதும்.

வழக்கறிஞர் வைக்க வசதியில்லாதவர்கள் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவை அணுகலாம். 15100 என்ற எண்ணில் பேசலாம். பெண்கள், குழந்தைகள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், காவலில் இருப்பவர்களுக்கு வருமானம் பார்க்காமல் இலவச உதவி உண்டு.

ஒன்பதாம் படி: தனிச் சட்டம் இருக்கிறதா?

சிறிய படிதான், ஆனால் விட்டுவிட்டால் முழுப் படிப்பும் வீண். கம்பியில் கொக்கி போட்டு மின்சாரம் எடுப்பதை நாம் மின்திருட்டு என்கிறோம். அதைத் தேட வேண்டிய இடம் 2003ஆம் ஆண்டு மின்சாரச் சட்டத்தின் 135ஆம் பிரிவு. கனிமம், காடு, வனவிலங்கு என்று பலவற்றுக்கும் தனிச் சட்டங்கள் உண்டு. சட்டத்தின் கீழ் அரசு வகுத்த விதிகளையும் சேர்த்துப் பாருங்கள்.

பத்தாம் படி: இரண்டு தீர்ப்புகளும் அந்தப் புத்தகமும்

சட்டத்தின் சொற்களை நீதிமன்றம் எப்படிப் படித்தது என்பது தீர்ப்புகளில் இருக்கும். உச்ச நீதிமன்றத்தின் தீர்ப்புகளை அதன் இணையதளத்திலேயே இலவசமாகப் படிக்கலாம். முதலில் வழக்கின் கதையைப் படியுங்கள், பிறகு நீதிமன்றம் எழுப்பிக்கொண்ட கேள்வியை, பிறகு விடையை. நடுவில் வரும் மேற்கோள்களை முதல் வாசிப்பில் தாண்டிவிடலாம்.

1952 மே 14 அதிகாலை, ஜோத்பூர். விமானப்படைப் பயிற்சி மாணவர் ஒருவர் அன்று டகோட்டா விமானத்தில் பயிற்சிக்குப் போக வேண்டியவர். அதற்குப் பதிலாக, இன்னொருவரோடு சேர்ந்து, அனுமதி இல்லாமல் ஒரு ஹார்வர்ட் விமானத்தில் ஏறிப் பறந்தார். விமானம் பாகிஸ்தானில் இறங்கியது. எப்போதைக்குமாக எடுத்துக்கொள்ளவில்லை, தற்காலிகம்தான் என்றால் திருட்டாகுமா என்பது கேள்வி. கே.என். மெஹ்ரா எதிர் ராஜஸ்தான் மாநிலம் என்ற வழக்கில் 1957இல் உச்ச நீதிமன்றம் ஆகும் என்றது. சிறிது நேரத்துக்கே ஆனாலும் உரியவருக்கு அந்தப் பொருள் இல்லாமல் போவது இழப்புதான்.

இன்னொன்று, பியாரே லால் பார்கவா எதிர் ராஜஸ்தான் மாநிலம். அரசு அலுவலகத்தின் கண்காணிப்பாளர் ஒருவர் ஒரு கோப்பை வீட்டுக்குக் கொண்டுபோய், நண்பரிடம் கொடுத்தார். மறுநாளே கோப்பு அலுவலகத்துக்குத் திரும்பிவிட்டது. அதையும் திருட்டு என்றே உச்ச நீதிமன்றம் உறுதிசெய்தது.

இப்போது நண்பர் வீட்டு அலமாரிக்கு வாருங்கள். "திருப்பிக் கொடுக்கத்தானே எடுத்தேன், அதனால் திருட்டில்லை" என்பதுதான் பெரும்பாலோர் சொல்லும் காரணம். விமானமும் கோப்பும் அந்தக் காரணத்தை நிற்கவிடவில்லை. எடுத்துக்காட்டை மறுபடி படியுங்கள். எடுத்தவர் நண்பர், படிக்க மட்டும் எடுத்தார், திருப்பித் தரும் எண்ணமும் இருந்தது, ஆனால் சட்டம் முடிவை நிறுத்துவது வேறொரு வரியில்: "கேட்டிருந்தால் கொடுத்திருப்பார்" என்ற நம்பிக்கையில், வாய்விட்டுச் சொல்லாத சம்மதம் தனக்கு இருப்பதாக அவர் எண்ணியிருக்கக்கூடும். அந்த எண்ணம் உண்மையாக இருந்தால் திருட்டு இல்லை. நண்பரைக் காப்பாற்றுவது ஐந்தாவது துண்டோ முதல் துண்டோ அல்ல. நான்காவது, சம்மதம்.

அதே புத்தகத்தை, "இதை யாருக்கும் தருவதில்லை" என்று போன வாரம்தான் உங்களிடம் சொன்ன நண்பரின் அலமாரியிலிருந்து எடுத்திருந்தால்? நோட்டில் ஐந்து வரிகளையும் மறுபடி எழுதி, விடையை நீங்களே சொல்லிப் பாருங்கள்.